நடுக்கம் தீர்க்கும் திரிபுவனம்

கும்பகோணத்திலிருந்து மயிலாடுதுறை செல்லும் சாலையில் சில கிலோமீட்டர் தொலைவில் இருக்கும் திரிபுவனத்தை, காவிரிக் கரைக் கோயில்களை வலம் வரும் பலர் பேருந்தில் அமர்ந்தபடியே கடந்துவிடுகிறார்கள். தஞ்சைப் பெரியகோயிலும் கங்கைகொண்ட சோழபுரமும் தாராசுரமும் உலகப் பாரம்பரியச் சின்னங்களாகிவிட்ட நிலையில், அதே மரபில் நான்காவதாக எழுந்த இந்தப் பெருங்கோயில் அப்பட்டியலில் இல்லை என்பது எனக்கு எப்போதுமே வருத்தம்தான். ஆனால் ஞாயிற்றுக்கிழமை மாலை 4.30 முதல் 6 மணி வரையிலான இராகு காலத்தில் இங்கு வந்து நிற்பவர்களுக்கு அந்தப் பட்டியல் எதுவும் பொருட்டன்று. அவர்கள் சிவபெருமானின் சரப வடிவமான சரபேசுவரரைக் காண வருகிறார்கள்.

கருவறையில் இலிங்கமாக வீற்றிருப்பவர் கம்பகரேசுவரர். தமிழில் நடுக்கந்தீர்த்த பெருமான். அம்பிகை அறம்வளர்த்த நாயகி. சரபருக்குத் தனிச் சந்நிதி உண்டு. சிங்க முகமும், பறவையின் இறக்கைகளும், மான், மழு, பாம்பு, தீ ஆகியவற்றை ஏந்திய நான்கு கைகளும் கொண்ட அந்த உருவத்தை முதன்முறை காண்பவர்களுக்குத் திகைப்பு உண்டாகும். உலகில் எந்தக் காட்டிலும் இல்லாத, எந்த வானிலும் பறக்காத ஓர் உயிரின் வடிவத்தை ஈசனுக்குக் கொடுத்துப் பார்த்த பக்தியின் துணிவை நான் வியக்கிறேன். அவருடைய இறக்கைகளில் பிரத்தியங்கிரா, சூலினி என்னும் தேவியர் உறைகிறார்கள் என்பது நம்பிக்கை. அபிடேகத்தில் பால் வழிந்து இறங்கும்போது சிங்க முகத்தின் சீற்றம் சற்றுத் தணிந்தாற்போல் எனக்குத் தோன்றியது. அருகில் நின்ற பலரும் அப்போதுதான் கைகளை உச்சிமேல் குவித்தார்கள்.

இரணியன் மடிந்த பிறகும் நரசிம்மரின் உக்கிரம் அடங்கவில்லை. தேவர்கள் நடுங்கிச் சிவபெருமானிடம் முறையிட்டார்கள். அவர் அனுப்பிய வீரபத்திரராலும் அந்தச் சினத்தைத் தணிக்க இயலாமல் போகவே, அவரே சரப வடிவம் கொண்டு வந்து நரசிம்மரை அமைதிப்படுத்தினார் என்பது சைவ புராணங்கள் சொல்லும் வரலாறு. வைணவ மரபு இதை ஏற்பதில்லை. அங்கே சரபருக்கு எதிராக நரசிம்மர் கண்டபேருண்டப் பறவையாக எழுந்த கதை உண்டு. இதனால் இச்சந்நிதியை ஒரு சமயத்தின் வெற்றிச் சின்னமாகப் பார்ப்பவர்கள் இருக்கிறார்கள். அந்தப் பார்வை மிகக் குறுகியது என்பது என் உறுதியான எண்ணம். வரிசையில் எனக்கு முன்னால் நின்ற முதிய அம்மையார் ஒருவர், "சரபரக் கும்பிடறதுக்கு முந்தி அவரு பிடியில இருக்கற நரசிம்மரத்தான் நான் மொதல்ல கும்பிடுவேன் தம்பி. பிள்ளையக் காப்பாத்தத்தானே அவருக்கு அவ்வளவு கோவம் வந்துது" என்றார். பிரகலாதனுக்காகப் பொங்கிய கோபம் அது என்பதை மறந்துவிட்டு இந்த வடிவத்தின் முன் நிற்பதில் பொருளில்லை.

இத்தலத்தின் மற்றொரு கதை வரகுண பாண்டியனைப் பற்றியது. தன் குதிரையின் காலடியில் ஓர் அந்தணன் அறியாமல் மிதிபட்டு இறந்ததனால் அந்தணக் கொலைப் பாவமான பிரமகத்தி பற்றிக்கொள்ள, உறக்கமின்றித் திரிந்த அம்மன்னன் திருவிடைமருதூரில் கிழக்கு வாயில் வழியாக நுழைந்தான். பிரமகத்தி உள்ளே வர இயலாமல் அவன் திரும்பி வருவான் என அவ்வாயிலிலேயே காத்து நின்றது. அவனோ மகாலிங்கப் பெருமானின் ஆணைப்படி மேற்கு வாயில் வழியாக வெளியேறினான். இன்றும் பக்தர்கள் அங்கு வந்த வழியே திரும்புவதில்லை. தோசம் அங்கேயே விலகிவிட்டது; ஆயினும் உடலின் நடுக்கம் விலகவில்லை; அது திரிபுவனத்துக்கு வந்து வழிபட்ட பின்னரே தீர்ந்தது என்கிறது தலபுராணம்.

இரண்டு கதைகளையும் சேர்த்து எண்ணியபோதுதான் இக்கோயில் எனக்குப் புரியத் தொடங்கியது. அசுரன் செத்துவிட்டான், சினம் நிற்கிறது. பாவம் கழிந்துவிட்டது, நடுக்கம் நிற்கிறது. நிகழ்ந்தது முடிந்த பிறகும் உள்ளே முடியாமல் நிற்கும் அந்த மிச்சத்தைத் தீர்ப்பதற்கென்றே ஒரு பெருமான் இங்கு இருக்கிறார். விபத்தில் தப்பியவர், வழக்கில் வென்றும் உறக்கம் வராதவர், சாவு வீட்டிலிருந்து திரும்பியும் திரும்பாதவர் என்று எத்தனை பேருக்கு இது தேவைப்படுகிறது!

கோயிலைக் கட்டியவன் மூன்றாம் குலோத்துங்கன் (1178–1218). மதுரையும் ஈழமும் கருவூரும் பாண்டியன் முடித்தலையும் கொண்டவன் எனத் தன் மெய்க்கீர்த்திகளில் புகழப்படும் அவனுக்குத் திரிபுவன வீரன் என்ற விருதுப் பெயரும் உண்டு. ஊர்ப்பெயர் அதிலிருந்து வந்தது. தில்லை, மதுரை, திருவிடைமருதூர், திருவாரூர் ஆகிய தலங்களில் அவன் செய்த திருப்பணிகளை இக்கோயிலில் உள்ள வடமொழிக் கல்வெட்டு விரித்துரைக்கிறது. வாழ்நாளெல்லாம் போர்க்களம் கண்ட ஒரு மன்னன், தன் விருதுப் பெயரைத் தாங்கிய பெருங்கோயிலை நடுக்கம் தீர்க்கும் இறைவனுக்கு எடுத்தான் என்பதை எண்ணியபடியே திருச்சுற்றில் நடந்தேன். கோபுரத்தைவிட உயர்ந்து நிற்கும் விமானத்தைத் திரும்பத் திரும்ப அண்ணாந்து பார்க்காமல் அங்கு நடக்க முடியாது.

தருமபுரம் ஆதீனத்தின் நிருவாகத்தில் உள்ள கோயில் இது. வெளியே வந்தால் பட்டு நெசவாளர்களின் தெருக்கள். விசிறி மடிப்புக்குப் பெயர்பெற்ற திரிபுவனம் பட்டுச் சேலைக்கு 2019இல் புவிசார் குறியீடு கிடைத்தது.

பகைவர் அழிய வேண்டும், செய்வினை விலக வேண்டும் என்ற வேண்டுதல்களோடு வருவோரே மிகுதி. அவர்கள் துயரத்தை நான் குறைத்து மதிக்கவில்லை. ஆனால் இங்கே கேட்கத் தக்கது தன் நடுக்கம் தீர்வதே என்று நினைக்கிறேன். நான் அதை மட்டுமே கேட்டேன்.

செல்ல விரும்புவோர் வரகுணன் நடந்த வழியிலேயே செல்லலாம். முற்பகலில் நடை சாத்துவதற்கு முன்பே திருவிடைமருதூரில் கிழக்கு வாயிலில் நுழைந்து மகாலிங்கப் பெருமானை வணங்கி, மேற்கு வாயிலில் வெளியேறினால் திரிபுவனம் அதே மேற்குத் திசையில் பக்கத்திலேயே இருக்கிறது. ஞாயிற்றுக்கிழமையானால் மாலை 4 மணிக்குள் சந்நிதிக்கு அருகே இடம்பிடித்துவிடுவது நல்லது. முதலில் கம்பகரேசுவரரையும் அறம்வளர்த்த நாயகியையும் தரிசித்துவிட்டுச் சரபரிடம் வர வேண்டும்.