14/2 மதகு

2019 ஆகஸ்ட் 6ஆம் திகதி, செவ்வாய்க்கிழமை. விடிந்ததிலிருந்து அடைமழை. ரோட்டோரத் தண்ணீர்க் கான் துப்புரவு வேலையை நிறுத்திவிட்டு, தறப்பாள் கட்டிய கொட்டிலுக்குள் நின்று பிளேன்டீ குடித்துக்கொண்டிருந்தோம். எங்கள் கேங்கில் இருந்த சைக்கிள்காரன் தன் போனை என் முகத்துக்கு நேரே நீட்டினான்.

"ஐயா, இத பாருங்க. பெல்ஜியம்காரரு. நேத்து ரேஸ்ல செத்துட்டாரு. மதகுல அடிபட்டு."

நான் ஓவசியர். அப்போது ரோட்டு வேலையில் இருபத்தேழு வருடம் முடிந்திருந்தது. யோசிக்காமலே வாயில் வந்தது ஒன்றுதான்.

"வேகமா வந்திருப்பான்."

"ரேஸ்ல வேகமா வராம?" என்றான் அவன். மற்றவர்கள் சிரித்தார்கள். எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அவன் மட்டும் சிரிக்கவில்லை.

சைக்கிள்காரன் என்பது நாங்கள் வைத்த பட்டப்பெயர். ரோட்டுக்கு மேலே உள்ள தேயிலைத் தோட்டத்து லயத்துப் பையன். அப்பா கொழுந்து லொறி ஓட்டியவர். கண்டியில் பழைய ரேஸ் சைக்கிள் ஒன்றை வாங்கி, பஸ் கூரையில் கட்டிக் கொண்டுவந்து, அதைப் பிள்ளை மாதிரி பார்த்துக்கொண்டான். சித்திரைப் புத்தாண்டுக்கு எங்கே சைக்கிள் போட்டி நடந்தாலும் போய்விடுவான். ஏற்றத்தில் அவனைப் பிடிக்க ஆள் இல்லை. தோட்டத்தில் பிறந்தவனுக்கு ஏற்றம் என்ன புதிதா? இறக்கத்தில்தான் ஆட்கள் அவனை முந்துவார்கள். இரவில் ஐரோப்பியப் போட்டிகளை போனில் பார்த்துவிட்டு, மறுநாள் மண்வெட்டியும் கையுமாக எங்களுக்குக் கதை சொல்வான். பாதி புரியாது. ஆனால் மழை நாளில் கேட்க நன்றாக இருக்கும்.

அன்று அவன் சொன்னதை வீட்டுக்கு வந்தபின் மகளின் கம்ப்யூட்டரில் நானும் தேடிப் பார்த்தேன். இறந்தவர் பியோர்க் லாம்பிரெக்ட், வயது 22. சின்ன உருவம், மலை ஏறுவதில் கெட்டிக்காரர். 2018இல் இன்ஸ்ப்ரூக்கில் நடந்த 23 வயதுக்குட்பட்டோர் உலகப் போட்டியில் இரண்டாவதாக வந்தவர். 2019 ஜூனில் பிரான்ஸின் டோஃபினே போட்டியில் சிறந்த இளம் வீரருக்கான வெள்ளைச் சட்டை அவருக்குத்தான். ஆகஸ்ட் 5, போலந்து சுற்றுப் போட்டியின் மூன்றாம் நாள். புறப்பட்டு ஏறக்குறைய 48 கிலோமீற்றர் போன இடத்தில் ரோட்டை விட்டு விலகி, ஓரத்திலிருந்த கொங்கிரீட் மதகில் மோதியிருக்கிறார். அந்த இடத்திலேயே முதலுதவி செய்து மூச்சை வரவழைத்து, ரிப்னிக் நகர ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். ஒபரேஷன் மேசையிலேயே உயிர் போய்விட்டது. ஈரல் கிழிந்து உள்ளுக்குள் இரத்தம் பெருகியிருந்தது.

மறுநாள் போட்டியை யாரும் போட்டியாக ஓட்டவில்லை. எல்லோரும் சேர்ந்து மெதுவாகப் போனார்கள். கடைசிக் கோட்டை அவருடைய அணிக்காரர்கள் ஒன்றாகத் தாண்டினார்கள்.

எனக்கு உறுத்தியது வேறு. அது இறக்கமோ வளைவோ இல்லை. ஆபத்தான இடம் என்று யாரும் கொடி பிடித்து நிற்காத சாதாரண ரோடு. விழுந்தவன் புல்லில் விழுந்திருந்தால், தோள்பட்டை எலும்பு முறிந்ததோடு போயிருக்கலாம். விழுந்த இடத்தில் என் தொழில் நின்றுகொண்டிருந்தது.

மதகு என்றால் என்னவென்று கொஞ்சம் சொல்ல வேண்டும். மலைநாட்டு ரோட்டுக்கு ஒரு பக்கம் மேடு, மறுபக்கம் பள்ளம். மேட்டிலிருந்து வரும் தண்ணீரைக் கானில் பிடித்து, ரோட்டுக்கு அடியில் ஹியூம் பைப் என்ற கொங்கிரீட் குழாய் வழியாகப் பள்ளத்துக்கு அனுப்ப வேண்டும். இல்லாவிட்டால் தென்மேல் பருவமழையில் தண்ணீரே ரோட்டை எடுத்துக்கொண்டு போய்விடும். பைப் வெளியே வரும் வாயில் மண் சரியாமல் இருக்க ஒரு சுவர் கட்டுவோம். அந்தச் சுவரை ரோட்டு மட்டத்துக்கு மேலே ஒன்றரை, இரண்டடி உயர்த்துவது வழக்கம். பஸ் சக்கரம் இறங்கிவிடக் கூடாது, பனியில் ஓரம் தெரிய வேண்டும் என்பதற்காக. அதற்குக் கறுப்பு வெள்ளை அடித்து, கிலோமீற்றர் கணக்கில் நம்பர் எழுதுவோம். 14/2 என்றால் பதினான்காம் கிலோமீற்றரில் இரண்டாவது மதகு. ஒவ்வொரு ஜனவரியும் வாளியும் பிரஷ்ஷுமாக நடந்தே போய் எல்லாவற்றையும் எண்ணி வருவேன். என் பெண்சாதி கேட்பாள், "பிள்ளைங்க பொறந்த தேதி ஞாபகம் இல்ல, மதகு நம்பர் மட்டும் எப்பிடி ஞாபகம் இருக்கு?"

 14/2ஐ மறக்க முடியாததற்கு வேறு காரணமும் உண்டு.

இந்தப் பேச்சுக்கு இரண்டு வருடம் முன்பு, ஒரு இரவு, அடர்ந்த பனி. மோட்டார் சைக்கிளில் வந்த இளைஞன் ஒருவன் 14/2 சுவரின் மூலையில் மோதி இறந்துபோனான். காலையில் நான் போகும்போது ஆளை எடுத்துவிட்டார்கள். ஒரு செருப்பும், ஹெல்மெட்டின் முன்கண்ணாடித் துண்டும் கிடந்தன. டேப்பைப் பிடித்து அளந்தேன். பதிவேட்டில் என் கையெழுத்தில் இன்றும் இருக்கும்: மதகுச் சுவரின் மூலை 6 அங்குலம் உடைந்துள்ளது; காரணம், அதிக வேகம்.

அவன் எவ்வளவு வேகத்தில் வந்தான் என்று எனக்கு எப்படித் தெரியும்? நான் அங்கே இருந்தேனா? பதிவேட்டில் காரணம் எழுதும் கட்டத்துக்கு எங்களிடம் மூன்று சொல் உண்டு: அதிக வேகம், குடிபோதை, கவனக்குறைவு. மூன்றும் வந்தவன் மேல்தான் போகும். நின்ற சுவரைப் பற்றி எழுதக் கட்டமே கிடையாது. அதைவிடக் கேவலம், உடைந்த மூலையைத் திருப்பிக் கட்டும்போது, "மறுபடி உடையக் கூடாது" என்று இன்னொரு கம்பி சேர்க்கச் சொன்னவனும் நான்தான்.

போலந்துக்காரர்கள் அந்த மதகைக் கட்டியபோதும், என்னைப் போல ஒருவன் பக்கத்தில் நின்று கலவை சரியா என்று பார்த்திருப்பான்.

அடுத்து வந்த வாரங்களில் சைக்கிள்காரனிடம் நானே கேட்டுக் கேட்டுத் தெரிந்துகொண்டேன். 1992 பார்சலோனா ஒலிம்பிக்கில் தங்கம் வாங்கிய இத்தாலியர் ஃபாபியோ காசார்டெல்லி, 1995 ஜூலை 18 அன்று பிரான்ஸ் சுற்றுப் போட்டியில், போர்த்தே தாஸ்பே கணவாய் இறக்கத்தில் விழுந்து இறந்தார். வயது 24. தலை பட்டது ரோட்டோரத்துக் கொங்கிரீட் கட்டையில். 2011 மே 9 அன்று இத்தாலிச் சுற்றில் போக்கோ கணவாயில் இறங்கிக்கொண்டிருந்த பெல்ஜியம்காரர் வூட்டர் வெய்லாண்ட், 26 வயது, ஓரத்துச் சிறு சுவரில் உரசித் தூக்கி எறியப்பட்டார். அவர் சட்டையில் இருந்த 108ஆம் இலக்கத்தை அந்தப் போட்டியில் அதன்பின் யாருக்கும் கொடுப்பதில்லையாம். ஒருவனுடைய நம்பரை எடுத்து வைப்பது நல்ல மரியாதைதான். நாங்கள் 14/2க்கு மறுபடி கறுப்பு வெள்ளை அடித்தோம்.

ஹெல்மெட் விஷயமும் அவன் சொல்லித்தான் தெரியும். 2003 மார்ச்சில் கசக்ஸ்தான் வீரர் ஆந்த்ரேய் கிவிலேவ் ஹெல்மெட் இல்லாமல் விழுந்து இறந்த பிறகு, அதே வருடம் மே மாதம் அதைக் கட்டாயமாக்கினார்கள். அதற்கு ஒரு சாவு வேண்டியிருந்தது. சரி, தலைக்கு வழி கண்டார்கள். ஈரலுக்கு என்ன போடுவது?

அங்கே போட்டி நாளில் கூர்மையான இடங்களில் வைக்கோல் கட்டு வைப்பார்கள், மஞ்சள் கொடியோடு விசில் ஊதி ஆள் நிற்பார்கள் என்றான். நம் மலையில் வைக்கோலுக்கு எங்கே போவது? ஒரு புத்தாண்டுக்கு எங்கள் ரோட்டு வழியாகவே போட்டி போனது. முதல் நாள் பின்னேரம் கேங் முழுவதும் சேர்ந்து மானாப்புல் வெட்டி, பழைய உரப் பைகளில் திணித்து, இறக்கத்திலுள்ள பதினோரு மதகுச் சுவர்களில் கயிறு போட்டுக் கட்டினோம். சம்பளமில்லாத வேலை. கட்டியதைப் பார்த்துப் போன பஸ்காரர்களெல்லாம் "என்ன ஓவசியர் ஐயா, மதகுக்குக் குளிருதா?" என்று கேட்டுவிட்டுப் போனார்கள். அன்று ஒருவரும் விழவில்லை. சைக்கிள்காரன் மூன்றாவதாக வந்து ரைஸ் குக்கர் ஒன்றை வாங்கினான். புல் மூட்டைகளை அவிழ்க்க மனமில்லாமல் விட்டுவைத்தோம். ஒரு வாரத்தில் யாரோ மாட்டுக்குக் கொண்டுபோய்விட்டார்கள்.

அப்புறம்தான் எஸ்டிமேட் எழுதினேன். 14/2இல் பள்ளத்துப் பக்கம் கொஞ்சம் தட்டை நிலம் இருந்தது. பைப்பை நீட்டி, சுவரை ரோட்டிலிருந்து தள்ளிக் கட்டி, இடையில் மண் நிரப்பினால் விலகி வந்தவனுக்குத் தடுமாறி நிற்க இடம் கிடைக்கும். பெரிய வித்தையில்லை, பாடப்புத்தகத்தில் உள்ளதுதான். மேலே இருந்தவர் தாளைப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "ரோட்டை விட்டு வெளிய போறவனுக்கு ரோட்டுக்காரன் என்னப்பா செய்யிறது?" கெட்ட மனிதர் இல்லை. அவரிடம் இருந்த காசுக்கு மழையில் அறுந்த இடங்களைக் கட்டவே போதாது. நான் வருடா வருடம் அதே தாளைத் திகதி மாற்றிக் கொடுத்தேன். மூன்றாவது முறையோ நான்காவது முறையோ, வேறொரு வேலையில் மிஞ்சிய இரண்டு பைப்பைக் காட்டி "எடுத்துட்டுப் போ" என்றார். அவ்வளவுதான் அனுமதி.

ஆனால் இதை எல்லா மதகுக்கும் செய்ய முடியாது. பெரும்பாலான இடங்களில் சுவருக்கு அந்தப் பக்கம் காற்றுதான். 2023 ஜூன் 15 அன்று சுவிட்சர்லாந்துச் சுற்றுப் போட்டியில், ஆல்புலா கணவாயிலிருந்து இறங்கும்போது ஜீனோ மேடர் என்ற வீரர் ரோட்டை விட்டுப் பள்ளத்தில் விழுந்தார். தண்ணீரில் கிடந்தவரைத் தூக்கி ஹெலிகொப்டரில் கூர் நகரத்துக்குக் கொண்டுபோயும், மறுநாள் இறந்துவிட்டார். வயது 26. அவரும் லாம்பிரெக்டும் 1997இல் பிறந்தவர்கள். சைக்கிள்காரனும் அதே வருடம்தான்.

அப்போது அவன் கட்டாரில் சாப்பாடு டெலிவரி செய்துகொண்டிருந்தான், மோட்டார் சைக்கிளில். குரல் மெசேஜ் அனுப்பியிருந்தான். "ஐயா, மேடரு செத்துட்டாரு. இந்தத் தடவ சுவர் இல்ல ஐயா."

என்ன பதில் அனுப்புவது? சுவர் இருந்தால் சைக்கிளில் வருபவன் சாகிறான், இல்லாவிட்டால் பஸ்ஸே போகிறது. 2025 மே 11 அதிகாலையில் கொத்மலை கெரண்டி எல்லவில் பஸ் பள்ளத்தில் விழுந்து இருபதுக்கும் மேற்பட்டவர்கள் இறந்தபோது, நான் பென்ஷனில் வீட்டிலிருந்தேன். இருந்தும் முதலில் மனதில் வந்தது, அந்த ஓரத்தில் என்ன கட்டியிருந்தார்கள் என்பதுதான். கேட்டவர்களெல்லாம் உடனே சொன்னது பழைய மூன்று சொற்களைத்தான். "பைய போ, பாத்துப் போ" என்றுதான் மேடர் இறந்த அன்று அவனுக்குப் பதில் அனுப்பியிருந்தேன். ஓவசியர் அனுப்பக்கூடிய பதில்தான்.

14/2 வேலை ஐந்து நாளில் முடிந்தது. சுவர் இப்போது ரோட்டிலிருந்து நல்ல தூரம் தள்ளி, ரோட்டு மட்டத்துக்கே தாழ்ந்து இருக்கிறது. இடையில் புல் வளர்ந்துவிட்டது. போன மாதம் பஸ்ஸுக்கு நின்றபோது, மேல் லயத்துப் பெரியவர் ஒருவர் என்னை அடையாளம் கண்டுகொண்டு கிட்ட வந்தார்.

"ஏன் ஐயா, நல்லா இருந்த கட்டைய எதுக்கு அங்கிட்டுத் தள்ளி வச்சீங்க? நாப்பது வருசமா அதுல குந்தித்தான் பஸ்ஸ பாப்பேன். இப்ப அங்க குந்துனா அட்டை ஏறுது, பஸ் வர்றதும் தெரியமாட்டேங்குது."

மேலே எழுதிக் கொடுக்கச் சொன்னேன்.