ஓடை பிரித்த ஊர்: மோட்லாராய்ட்

ஜெர்மனியின் மோட்லாராய்ட் கிராமத்தில் மொத்தமே 50 பேர் அளவில்தான் குடியிருக்கிறார்கள். ஆனால் மேயர் இரண்டு பேர், பின்கோடு இரண்டு, தொலைபேசிக் குறியீடும் இரண்டு. ஊர் நடுவே டான்பாஹ் என்று ஒரு ஓடை ஓடுகிறது. அதற்குத் தெற்கே பவேரியா மாநிலம், டோப்பன் ஊராட்சி. வடக்கே துரிங்கியா மாநிலம், கெஃபெல் நகராட்சி. தெற்கு வீட்டு வாசலில் நிற்கும் காரின் நம்பர் பிளேட் 'ஹெச்.ஓ.' என்று தொடங்கும். எதிர்வீட்டுக் காருக்கு 'எஸ்.ஓ.கே.'. ஜனவரி 6 பவேரியாக்காரர்களுக்கு மூவரசர் திருநாள் விடுமுறை, எதிர்வீட்டுக்காரருக்கு அன்று வேலை நாள். அக்டோபர் 31, சீர்திருத்தத் திருநாளன்று துரிங்கியாவில் விடுமுறை, பவேரியப் பக்கம் அது விடுமுறை இல்லை.

பெர்லின் சுவரைப் பார்க்க உலகமே போகிறது. ஜெர்மனி பிரிந்து கிடந்த கதையை ஒருவர் உள்ளபடி புரிந்துகொள்ள வேண்டுமானால் இந்தக் குக்கிராமத்துக்குத்தான் வர வேண்டும் என்பேன். பெர்லின் பெரிய நகரம். அங்கே நடந்தது அரசியலாகத் தெரியும். இங்கே அது அண்டை வீட்டுக்காரர்களுக்கு நடந்தது.

போவதற்கு ஹோஃப் நகரம்தான் வசதி. ரயிலில் ஹோஃப் வரை வந்துவிடலாம், அங்கிருந்து சாலை வழி சுமார் 15 கிலோமீட்டர். கிளம்புமுன் ஹோஃப் கடைவீதியில் சாஸேஜ் விற்பவரைத் தேடிப் பிடியுங்கள். வேர்ஷ்ட்லாமோ என்பார்கள். பளபளவென்று துலக்கிய பித்தளைப் பாத்திரம், அடியில் கரித் தணல், உள்ளே வெந்நீரில் சாஸேஜ்கள். கேட்டால் ஒன்றை எடுத்து பன்னுக்குள் வைத்துக் கடுகு தடவித் தருவார். சூடாகச் சாப்பிட்டுக்கொண்டே நின்றால் ஊர்ப் பேச்சும் காதில் விழும்.

சாலை முழுக்க மேடும் பள்ளமுமான வயல்கள், நடுநடுவே ஸ்புரூஸ் காடு. ஊர் வந்ததும் முதலில் பார்த்தது ஓடையைத்தான். இதைவைத்தா ஒரு ஊரைப் பிரித்தார்கள் என்று நம்ப முடியவில்லை. வாய்க்கால் அகலம்தான், கால் நீளமானவர் ஒரே எட்டில் தாண்டிவிடுவார். தண்ணீர் கணுக்காலுக்கு மேல் இருந்தால் அதிகம். பக்கத்திலேயே 'கவனம், ஓடை நடுவில் எல்லை' என்று எழுதிய பழைய பலகையும் கறுப்பு, சிவப்பு, பொன் நிறக் கம்பமும் நிற்கின்றன.

எல்லைக்கோடு என்னவோ பழசுதான். 1810இலேயே இங்கே எல்லைக்கல் நட்டிருக்கிறார்கள்: ஒரு பக்கம் பவேரிய முடியரசு, மறுபக்கம் ராய்ஸ் என்ற சிற்றரசு. முதல் உலகப் போருக்குப் பிறகு மன்னர்கள் போனார்கள், 1920இல் ராய்ஸ் துரிங்கியாவோடு சேர்ந்தது. ஊர்க்காரர்கள் இதையெல்லாம் பெரிதாக எடுத்துக்கொண்டதாகத் தெரியவில்லை. பள்ளிக்கூடமும் மதுக்கடையும் துரிங்கியப் பக்கம், கோயிலுக்குப் போக வேண்டுமானால் பவேரியப் பக்கம் டோப்பனுக்கு. இந்தப் பக்கத்து வயலை அந்தப் பக்கத்துக்காரர் உழுவார்; பெண் கொடுத்து, எடுத்து, சொந்தம் இரண்டு கரையிலும் இருந்தது.

1945இல் போர் முடிந்ததும் துரிங்கியா சோவியத் வசம் போனது, பவேரியா அமெரிக்கர் வசம். 1949இல் இரண்டு ஜெர்மனிகள் பிறந்தன: துரிங்கியா கிழக்கு ஜெர்மனியில், பவேரியா மேற்கு ஜெர்மனியில். ஒரு கரை ஒரு நாடு, மறுகரை வேறு நாடு என்றாகிவிட்டது. அப்போதும் அனுமதிச் சீட்டைக் காட்டிவிட்டுப் போய்வர முடிந்தது.

எல்லாம் தலைகீழானது 1952 மே மாதக் கடைசியில். கிழக்கு ஜெர்மனி எல்லையை ஒட்டி 5 கிலோமீட்டருக்குத் தடைப் பகுதி அறிவித்தது. அதற்குள் எல்லையோரம் 500 மீட்டருக்கு இன்னும் கடுமையான கட்டுப்பாடு. கடைசிப் 10 மீட்டரில் காலடி வைத்தால் தடம் தெரியும்படி மண்ணை உழுது போட்டார்கள். ஊருக்குள் ஆளுயரப் பலகை வேலி எழுந்தது. ஜூன் மாதம், நம்பத் தகாதவர்கள் என்று முத்திரை குத்திய குடும்பங்களை எல்லையோர ஊர்களிலிருந்து லாரியில் ஏற்றி உள்நாட்டுக்கு அனுப்பினார்கள். துரிங்கிய அதிகாரிகளின் குறிப்பில் அந்த நடவடிக்கைக்கு இருந்த பெயர் 'புழுபூச்சி'. காலங்காலமாக நிலத்தை உழுத மனிதர்களைப் பற்றி எழுதியது இது. இப்போது இங்கே இருக்கும் அருங்காட்சியகத்தில் எனக்குத் தொண்டை அடைத்தது இந்த இடத்தில்தான்.

பலகை வேலி போய் முள்வேலி வந்தது. 1966இல் கான்கிரீட் சுவரே வந்துவிட்டது. 700 மீட்டர் நீளம், 3.3 மீட்டர் உயரம். அமெரிக்கப் படையினர் 'குட்டி பெர்லின்' என்று பெயர் வைத்தார்கள். மேற்குப் பக்கம் வருகிறவர்கள் ஓடைவரை வந்து வேடிக்கை பார்க்கலாம், படம் எடுக்கலாம். கிழக்குப் பக்கத்து வீடுகளில் இருந்தவர்களுக்கோ அதிகாரிகளின் கண் எப்போதும் மேலேயே. தடைப் பகுதிக்கு வெளியே இருந்த உறவினர்கூட அனுமதிச் சீட்டு இல்லாமல் வீட்டுக்கு வர முடியாது. மேற்கிலிருந்து யாராவது கை அசைத்தால் பதிலுக்குக் கை அசைக்கவோ வணக்கம் சொல்லவோ கூடாது. மேட்டில் நின்றால் எதிர்வீட்டு முற்றம் தெரிகிறது, துணி காய்வது தெரிகிறது, நாய் குரைப்பது கேட்கிறது. அக்கா தங்கையாகவே இருந்தாலும் கை தூக்கக் கூடாது. சுவர் கட்டியதைவிடக் கொடுமை இதுதான் என்று எனக்குப் படுகிறது.

1973இல் ஒருவர் ஏணி வைத்து இந்தச் சுவரைத் தாண்டி மேற்கே வந்துசேர்ந்தார். 1983 பிப்ரவரியில், அப்போது அமெரிக்கத் துணை அதிபராக இருந்த ஜார்ஜ் புஷ் வந்து பார்த்துவிட்டுப் போனார்.

1989 நவம்பர் 9 அன்று பெர்லினில் சுவர் திறந்தது என்று நாம் படித்திருப்போம். மோட்லாராய்ட் இன்னும் ஒரு மாதம் காத்திருந்தது. டிசம்பர் 9 அன்றுதான் நடந்து போகிற அளவுக்கு இங்கே வழி விட்டார்கள். 1990 ஜூன் 17 அன்று எந்திரத்தைக் கொண்டுவந்து சுவரை இடித்தார்கள். முழுக்க இடித்துவிடாமல் சுமார் 100 மீட்டரை விட்டுவைத்ததற்கு அந்த ஊர்க்காரர்களுக்கு நாம் நன்றி சொல்ல வேண்டும். தினமும் கண்ணில் படும் இடத்தில் அதை வைத்துக்கொண்டு வாழ மனசு வேண்டும்.

இப்போது அந்த வெள்ளைச் சுவர், கம்பி வேலி, காவல் கோபுரம் எல்லாம் சேர்ந்து திறந்தவெளி அருங்காட்சியகம். சுவரை அண்ணாந்து பார்த்தபடி கையை வைத்துப் பார்த்தேன். மழையில் சுண்ணாம்பு உதிர்ந்து சொரசொரப்பாக இருந்தது. சுவருக்குச் சற்றுத் தள்ளி ஒரு டிராக்டர் வைக்கோல் கட்டுகளோடு போனது. கொட்டகை ஓரம் குளிர்காலத்துக்கான விறகு ஒரே அளவாக வெட்டி அடுக்கியிருக்கிறார்கள். சாண வாசனை, குளத்தில் வாத்து. சந்திப்பவர்களுக்கு பவேரியப் பக்கத்தில் 'க்ரூஸ் காட்' என்பார்கள், துரிங்கியப் பக்கத்தில் 'கூட்டன் டாக்'. அந்தப் பழக்கம் மட்டும் மாறவில்லை.

இரண்டு பக்கத்தையும் ஒரே மாநிலமாக்கியிருக்கலாமே என்று வருகிறவர்களில் பலருக்குத் தோன்றும். எனக்கு அப்படித் தோன்றவில்லை. 1810இல் நட்ட கல்லால் 100 வருடத்துக்கு மேல் யாருக்கும் எந்தத் தொந்தரவும் இல்லை. அந்தக் கல்லை அப்படியே விட்டிருந்தால் போதும், வேலிதான் கூடாது.

போகிறவர்களுக்கு ஒரு யோசனை. அக்டோபர் 3, ஜெர்மனி ஒன்றிணைந்த நாள். கூட்டம் பிடிக்காது என்றால் அந்த வாரத்தைத் தவிர்த்துவிடுங்கள். முதலில் அருங்காட்சியகத்துக்குள் போகாமல் ஓடையை ஒட்டி மேலும் கீழும் ஒரு நடை நடந்துவிட்டு, அப்புறம் உள்ளே போய்ப் படங்களைப் பாருங்கள். எந்த வீடு எங்கே இருந்தது என்று அப்போதுதான் பிடிபடும். அப்புறம் இன்னொன்று: வேலிக்கு அந்தப் பக்கம் தெரிகிற கொட்டகையும் முற்றமும் காட்சிப் பொருள்கள் இல்லை, வீடுகள். படம் எடுக்கிற ஆசையில் உள்ளே போய்விடாதீர்கள். யாராவது எதிரில் வந்தால் வணக்கம் சொல்லுங்கள், இரண்டு விதத்தில் எதைச் சொன்னாலும் சரிதான்.