பத்து மாத நடை, நான்கு ரிப்போர்ட், இறங்காத எல்.டி.எல்.

மச்சினன் கல்யாணம் முடிந்த மறுநாள் காலையில் போய்ப் பரிசோதனைக்கு ரத்தம் கொடுத்ததுதான் நான் செய்த முதல் தப்பு. தெருவில் முகாம் போட்டிருந்தார்கள், எல்லாப் பரிசோதனையும் பாதி விலை. முந்தின ராத்திரி பத்தரைக்கு மட்டன் பிரியாணி, அதன்மேல் ஐஸ்க்ரீம், மச்சான்களோடு இரண்டு ரவுண்டு வேறு. காலை ஆறரைக்குக் கையை நீட்டிவிட்டேன். சாயங்காலம் வந்த ரிப்போர்ட்டில் ட்ரைகிளிசரைடு, அதாவது ரத்தத்தில் மிதக்கிற கொழுப்பு, 428 என்று இருந்தது. எல்.டி.எல்., அதாவது கெட்ட கொலஸ்ட்ரால், என்ற இடத்தில் எண்ணே இல்லை, 'கணக்கிட இயலாது' என்று போட்டிருந்தார்கள்.

எனக்குக் கணக்கு எழுதுகிற வேலை. இருபது வருஷமாக ஒரு ஆடிட்டர் ஆபீஸில் நாளைக்குப் பத்து மணி நேரம் நாற்காலியில் உட்கார்ந்திருப்பவன். ரத்தத்தில் இருப்பதை 'கணக்கிடுவது' என்றால் என்ன என்று தோண்டிப் பார்த்தபோதுதான் தெரிந்தது, பல லேப்களில் எல்.டி.எல்.லை நேராக அளப்பதே இல்லை. மொத்தக் கொலஸ்ட்ராலில் நல்ல கொலஸ்ட்ராலான எச்.டி.எல்.லைக் கழித்து, ட்ரைகிளிசரைடை ஐந்தால் வகுத்து அதையும் கழித்தால் மிஞ்சுவதுதான் எல்.டி.எல். 1972-ல் ஃப்ரீடுவால்ட் என்பவரும் கூட்டாளிகளும் வகுத்த வாய்ப்பாடு. ட்ரைகிளிசரைடு 400-ஐத் தாண்டினால் அந்த வாய்ப்பாடு செல்லாது. ஆக, பிரியாணி என் கணக்கையே கெடுத்திருந்தது.

டாக்டர் அந்த ரிப்போர்ட்டை ஓரமாக வைத்துவிட்டார். இரண்டு வாரம் குடிக்காமல், வழக்கமான சாப்பாடு சாப்பிட்டு, ராத்திரி சீக்கிரம் முடித்து, 12 மணி நேரம் வெறும் வயிற்றோடு மறுபடி கொடுக்கச் சொன்னார். அந்த ரிப்போர்ட்தான் என் தொடக்க இருப்பு: மொத்தம் 248, ட்ரைகிளிசரைடு 286, எச்.டி.எல். 34, எல்.டி.எல். 157. வெறும் வயிற்றுச் சர்க்கரை 108. பிரஷர் 138/88. வயது 46. அப்பாவுக்கு 52-ல் அட்டாக் வந்தது என்று சொன்னபோது டாக்டர் எழுதுவதை நிறுத்திவிட்டு நிமிர்ந்து பார்த்தார். ஈ.சி.ஜி. எடுத்தார்கள், மாடி ஏறினால் மூச்சு வாங்குகிறது என்றதால் ட்ரெட்மில்லில் ஓடவிட்டும் பார்த்தார்கள். இரண்டிலும் பயப்பட ஒன்றுமில்லை.

"மாத்திரை ஆரம்பிக்கலாமா, சார்?" என்றார்.

"மூணு மாசம் டைம் கொடுங்க டாக்டர், நடந்தே இறக்கிடறேன்" என்றேன். மாத்திரையைத் தொட்டால் ஆயுசு முழுக்க விட முடியாது என்ற பயம்தான், வேறொன்றும் இல்லை. அவர் லேசாகச் சிரித்துவிட்டு சரி என்றார். அந்தச் சிரிப்புக்கு அர்த்தம் ஏழு மாதம் கழித்துத்தான் புரிந்தது.

வீட்டிலிருந்து வண்டியில் ஐந்து நிமிஷத்தில் மாரியம்மன் தெப்பக்குளம். மதுரைக்காரர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை, திருமலை நாயக்கர் வெட்டிய குளம், கிட்டத்தட்ட 305 மீட்டருக்கு 290 மீட்டர், சுவரை ஒட்டி ஒரு சுற்று வந்தால் சுமாராக 1,200 மீட்டர். தினமும் காலையில் மூன்று சுற்று. ரிட்டயர்டு வாத்தியார் ஒருவரும் சேர்ந்துகொண்டார். அரசியல், பேரன் படிப்பு, வைகையில் தண்ணீர் வருமா வராதா என்று பேச்சு ஓடும், சுற்று முடிய ஒரு மணி நேரம் ஆகும், முடிந்ததும் டீக்கடையில் ஆளுக்கு இரண்டு உளுந்த வடை. நடந்தோமே என்ற தைரியத்தில் டீயில் சர்க்கரையும் குறைக்கவில்லை. மழை மாதத்தில் பாதி நாள் அதுவும் இல்லை.

தை மாதம் பரிசோதித்தபோது ட்ரைகிளிசரைடு 241, எல்.டி.எல். 150, எச்.டி.எல். அதே 34. மூன்று மாதம் நடந்ததற்கு இவ்வளவுதானா என்று எனக்குக் கோபமே வந்துவிட்டது. டாக்டர் ஒன்றே ஒன்று கேட்டார், "நடக்கும்போது பேச முடியுதா?"

"அதுக்குத்தானே போறோம்."

"பாட முடியுமா?"

"பாடுவேனே."

அப்புறம்தான் விளக்கினார். இதயத்துக்கு வேலை கொடுக்கிற நடை என்றால், பேச முடிய வேண்டும், ஆனால் பாட முடியக் கூடாது. அதைவிடக் குறைந்தால் சும்மா இருப்பதற்கு எவ்வளவோ மேல், ஆனால் நான் கேட்கிற பலனைத் தராது. உலக சுகாதார நிறுவனம் சொல்கிற அளவு வாரத்துக்கு 150 முதல் 300 நிமிடம் மிதமான உழைப்பு, அதில் என் ஒரு மணி நேர உலா எவ்வளவு சேரும் என்று அவர் கேட்க நான் பதில் சொல்லவில்லை. இதையே என் மனைவி முதல் வாரமே சொல்லியிருந்தாள்: "என்னங்க, நீங்க நடக்கலை, பிரகாரம் சுத்திட்டு வர்றீங்க."

நாடியைப் பிடித்துப் பார்க்கப் பழகினேன். மணிக்கட்டில் விரல் வைத்து 15 விநாடி எண்ணி நாலால் பெருக்குவது, கணக்குப்பிள்ளைக்கு இது ஒரு வேலையா. 220-இல் வயதைக் கழித்தால் உத்தேசமான உச்சம், எனக்கு 174. அதில் 60 முதல் 75 சதவீதம் என்றால் 105-லிருந்து 130 வரை. வாத்தியாரோடு நடக்கையில் என் நாடி 92-ஐத் தாண்டவில்லை.

வாத்தியாரிடம் எப்படிச் சொல்வது என்று இரண்டு நாள் தவித்து, கடைசியில் உள்ளதைச் சொன்னேன். "நீங்க முன்னாடி போங்க தம்பி, டீக்கடையில பார்ப்போம்" என்றார். செருப்பைக் கழற்றிவிட்டு ஷூ வாங்கினேன். முதல் வாரம் முழங்காலுக்குக் கீழே முன்எலும்பில் ஒரே வலி, ஒரேயடியாக வேகம் கூட்டியதன் விளைவு. ஒரு நாள் விட்டு ஒரு நாள் என்று குறைத்து, ஒரு சுற்று வேகம், ஒரு சுற்று மெதுவாக என்று மாற்றி, மாசி கடைசியில்தான் மூன்று சுற்றையும் 38 நிமிஷத்தில் முடிக்க வந்தது. நாடி 118-இல் நின்றது. வாரம் ஐந்து நாள். வடை வாரம் ஒன்றாகக் குறைந்தது, டீயில் சர்க்கரையை விட்டேன், ராத்திரி பரோட்டாவையும். குடியை நிறுத்தியது எனக்குப் பெரிய கஷ்டமாக இல்லை, டீயில் சர்க்கரை இல்லாததுதான் ஒரு மாதம் அழவைத்தது.

சித்திரைத் திருவிழாவில் ஒரு வாரம் நடையே இல்லை. உறவுக்காரர் கூட்டம், ராத்திரி முழித்து அழகரைப் பார்க்கப் போனது, பானகம், நீர்மோர், எல்லாம் உண்டு. அதனால் பரிசோதனையை இரண்டு வாரம் தள்ளிப்போட்டேன். உடற்பயிற்சியால் தசையின் நுண்குழாய்களில் ஒரு நொதி கூடுதலாக வேலை செய்கிறது, லைப்போப்ரோட்டீன் லைப்பேஸ் என்று பெயர், ரத்தத்தில் மிதக்கிற ட்ரைகிளிசரைடை உடைத்துத் தசைக்கு எரிபொருளாகக் கொடுப்பது அதுதான். ஆனால் ஒரு நாள் நடையின் பலன் ஒன்றிரண்டு நாளைக்குத்தான் தாங்கும். ஞாயிற்றுக்கிழமை மட்டும் பத்து கிலோமீட்டர் நடந்துவிட்டு மீதி நாள் படுத்திருந்தால் புதன்கிழமைக்கு அதில் ஒன்றும் மிச்சமிருக்காது. எனக்கு மிகவும் உபயோகப்பட்ட தகவல் இதுதான்.

வைகாசி ரிப்போர்ட்: ட்ரைகிளிசரைடு 158. 286-லிருந்து கிட்டத்தட்ட பாதி! எச்.டி.எல். 39. பிரஷர் 126/80, சர்க்கரை 98, உட்கார்ந்திருக்கும்போது நாடி 84-லிருந்து 70, பெல்ட்டில் இரண்டு ஓட்டை உள்ளே. எல்.டி.எல். 146.

எல்லாம் இறங்கியிருக்க, இறங்க வேண்டியது மட்டும் அப்படியே உட்கார்ந்திருந்தது. லேப் தப்பு செய்திருக்கும் என்றுகூட நினைத்தேன், என் கையாலேயே கழித்துப் பார்த்தேன், சரியாகத்தான் இருந்தது.

அந்தச் சிரிப்பின் அர்த்தம் அப்போதுதான் வெளியே வந்தது. எல்.டி.எல்.லை ரத்தத்திலிருந்து எடுத்துப்போடுவது பெரும்பாலும் கல்லீரலின் வேலை, அதன் மேலிருந்து எல்.டி.எல்.லைப் பிடித்து உள்ளே இழுக்கும் ஏற்பிகள் எத்தனை என்பதைப் பொறுத்தது. வேக நடை அதில் கொஞ்சம்தான் கைவைக்கும். நெய், வெண்ணெய், ஆட்டுக் கொழுப்பு, தேங்காய் எண்ணெய் இவற்றைக் குறைத்தால் இன்னும் கொஞ்சம் இறங்கும். ஆனால் அப்பாவுக்கு 52-ல் வந்திருக்கையில், 146-ஐ வைத்துக்கொண்டு காத்திருப்பது வேண்டாம் என்றார் டாக்டர்.

"அப்ப நான் நடந்ததெல்லாம் வீணா?" என்றேன், கொஞ்சம் சண்டைக்காரன் மாதிரியே.

அவர் லண்டன் பஸ் கதையைச் சொன்னார். ஜெர்ரி மோரிஸ் என்ற மருத்துவர் அங்கே மாடி பஸ்களில் வேலை பார்த்தவர்களை ஒப்பிட்டு 1953-ல் வெளியிட்ட ஆய்வு. நாள் முழுக்க உட்கார்ந்து ஓட்டிய டிரைவர்களைவிட, படியேறி இறங்கி டிக்கெட் கொடுத்த கண்டக்டர்களுக்கு மாரடைப்பு குறைவு. ஒரே பஸ், ஒரே ஊர், ஒரே கம்பெனி. டிரைவர்களின் யூனிஃபார்ம் இடுப்பளவும் பெரிது என்று பின்னாளில் அதையும் எடுத்துப் பார்த்திருக்கிறார்கள். மோரிஸ் 99 வயது வரை இருந்தார். நடையால் பிரஷர் இறங்குகிறது, சர்க்கரை கட்டுப்படுகிறது, ரத்தக்குழாய் இளகுகிறது, இதயம் ஒவ்வொரு துடிப்பிலும் கூடுதல் ரத்தம் தள்ளப் பழகுகிறது. கொலஸ்ட்ரால் சீட்டில் இதில் பாதி வராது என்றார்.

எச்.டி.எல். 39-தானே ஆகியிருக்கிறது, இன்னும் ஏற்ற மாத்திரை உண்டா என்றும் கேட்டேன். எச்.டி.எல். எண்ணை மட்டும் ஏற்றுகிற மருந்துகளைச் சோதித்துப் பார்த்துவிட்டார்கள், எண் ஏறியது, மாரடைப்பு எதிர்பார்த்தபடி குறையவில்லை. 2006-ல் அப்படி ஒரு மருந்தின் சோதனையை, சாவு அதிகமானதால் பாதியில் நிறுத்தவேண்டி வந்தது. அந்தப் பேச்சை அதோடு விட்டேன்.

கல்லீரல் பரிசோதனை ஒன்று எடுத்துவிட்டு கொலஸ்ட்ராலைக் குறைக்கிற அட்டார்வாஸ்டாட்டின் மாத்திரை 10 மில்லிகிராம், ராத்திரிக்கு ஒன்று. தசைவலி வந்தால் உடனே சொல்லச் சொன்னார். முதல் பத்து நாள் கெண்டைக்காலைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தேன், வலிக்கவில்லை. ஒரு நாள் வலித்தது, முந்தின நாள் நாலாவது சுற்று போயிருந்தேன்.

ஆவணியில் நாலாவது ரிப்போர்ட். மொத்தம் 160, ட்ரைகிளிசரைடு 140, எச்.டி.எல். 40, எல்.டி.எல். 92. ஏழு மாதம் நடந்து பதினொன்று இறங்கியதை மூன்று மாத மாத்திரை ஐம்பத்துநாலு இறக்கிவிட்டது. கொஞ்சம் அவமானமாகத்தான் இருந்தது, ஆனால் ட்ரைகிளிசரைடு கணக்கில் பெரும்பகுதி என்னுடையது என்று சொல்லிக்கொள்கிறேன்.

அதை வீட்டுக் குரூப்பில் போட்டேன். அரை மணி நேரத்தில் தம்பி தன் ரிப்போர்ட்டை அனுப்பினான். வயது 41, எல்.டி.எல். 171, அவனுக்கும் அதே அப்பாதான். "எத்தனை சுத்துண்ணே போதும்?" என்று கேட்டிருந்தான். முதலில் ரிப்போர்ட்டோடு டாக்டரைப் போய்ப் பார், ஷூவை அப்புறம் வாங்கிக்கொள்ளலாம் என்று பதில் போட்டேன். திங்கட்கிழமை காலை ஐந்தரைக்கு அவன் செருப்போடு தெப்பக்குளத்துச் சுவரில் சாய்ந்து நின்றுகொண்டிருந்தான், டாக்டரிடம் போகவில்லை.