ஸ்டீலர்ஸுக்கு ஆள் கண்டுபிடித்தவர்

ஏப்ரல் 19, 2025, சனி

வியாழக்கிழமை டிராஃப்ட். பிட்ஸ்பர்க்கில் இந்த வாரம் யாரிடம் பேசினாலும் ஒரே கேள்விதான்: இந்த ஊர் ஃபுட்பால் அணியான ஸ்டீலர்ஸ், பந்தை எறிந்து ஆட்டத்தை நடத்தும் குவார்ட்டர்பேக் ஒருவரை எடுப்பார்களா, மாட்டார்களா?

ஊரில் இருப்பவர்களுக்காக ஒரு வரி. இங்கே ஃபுட்பால் என்றால் காலால் உதைப்பது அல்ல, நீள்வட்டப் பந்தைக் கையில் பிடித்துக்கொண்டு முட்டி மோதுவது. கல்லூரியில் ஆடி முடித்த பையன்களை அணிகள் சுற்றுச் சுற்றாகத் தேர்ந்தெடுப்பதுதான் டிராஃப்ட். ஐபிஎல் ஏலம் போலப் பணத்தைக் கொட்டி ஆளைத் தூக்க முடியாது. போன சீசனில் கடைசியில் நின்ற அணிக்கு முதல் வாய்ப்பு, கோப்பை ஜெயித்த அணிக்குச் சுற்றின் கடைசி. அதனால், மற்றவர்கள் கண்ணில் படாத ஆளை யார் பார்த்து வைத்திருக்கிறார்கள் என்பதில்தான் ஆட்டமே இருக்கிறது.

அப்படிப் பார்த்து வைத்திருந்தவர் பில் நன், ஸ்டீலர்ஸுக்காக ஊர் ஊராகப் போய் ஆள் தேடிய ஸ்கவுட். ஸ்டீலர்ஸ் தங்கள் டிராஃப்ட் அறைக்கே அவர் பெயரை வைத்திருக்கிறார்கள். இந்த வாரம் அவரைப் பற்றி எழுதலாம் என்று இருக்கிறேன்.

ஏப்ரல் 20, ஞாயிறு

நன் 1924-இல் பிறந்தவர், இதே ஊர்க்காரர். வெஸ்டிங்ஹவுஸ் உயர்நிலைப் பள்ளியில் கூடைப்பந்து ஆடினார். அங்கே கூட ஆடிய சக் கூப்பர்தான் பிறகு என்பிஏ என்ற தொழில்முறைக் கூடைப்பந்து லீக்கின் டிராஃப்டில் எடுக்கப்பட்ட முதல் கறுப்பின வீரர். வெஸ்ட் வர்ஜீனியா ஸ்டேட் கல்லூரிக்குப் போனால் அங்கே ஏர்ல் லாய்டு, என்பிஏ ஆட்டத்தில் இறங்கிய முதல் கறுப்பினத்தவர். என்ன பக்கத்துணை பாருங்கள்! நன்னுக்கும் ஹார்லம் குளோப்டிராட்டர்ஸ் என்ற காட்சிக் கூடைப்பந்து அணியிலிருந்து அழைப்பு வந்தது. அதை விட்டுவிட்டு 'பிட்ஸ்பர்க் கூரியர்' பத்திரிகையில் சேர்ந்தார். அப்பா அங்கே நிர்வாக ஆசிரியர்.

கூரியர் அன்று அமெரிக்கா முழுக்கப் போன கறுப்பினப் பத்திரிகை. ஆண்டுதோறும் கறுப்பினக் கல்லூரிகளின், அதாவது கறுப்பின மாணவர்களுக்கென்று இருந்த கல்லூரிகளின், சிறந்த ஆட்டக்காரர்கள் பட்டியலை வெளியிடும். அந்தப் பட்டியல் பல ஆண்டுகள் நன்னின் பொறுப்பில் இருந்தது. தெற்கே கறுப்பர்களுக்கு ஓட்டல் அறை கிடைக்காத காலம் அது. அப்போதும் அங்கே போய்ப் போய்ப் பார்த்ததில் கிராம்ப்ளிங், சதர்ன், டென்னசி ஸ்டேட் என்று ஒவ்வொரு கல்லூரிப் பயிற்சியாளரும் அவருக்குப் பழக்கமானார்கள். என்எஃப்எல் என்ற தொழில்முறை ஃபுட்பால் லீக்கின் அணிகளுக்கு அந்தக் கல்லூரிகளின் பெயர்கூடச் சரியாகத் தெரியாத நாளில், இவருக்கு எந்தப் பையன் எங்கே ஆடுகிறான் என்று தெரிந்திருந்தது.

ஏப்ரல் 22, செவ்வாய்

கூரியர் இருந்த அதே ஊரில்தான் ஸ்டீலர்ஸும். ஆனால் நன் அவர்கள் பக்கம் போவதில்லை. கறுப்பினத்தவர் விஷயத்தில் அவர்கள் நடந்துகொண்ட விதம் அவருக்குப் பிடிக்கவில்லை. இது முதலாளி மகன் டேன் ரூனியின் காதுக்கு எட்டியது. கூப்பிட்டுப் பேசினார். நன் மனதில் இருந்ததை மறைக்காமல் சொல்லிவிட்டார். 'அப்படியானால் நீங்களே வந்து செய்து கொடுங்கள்' என்கிற மாதிரி முடிந்தது அந்தப் பேச்சு. 1967-இல் பகுதி நேரம், 1969-இலிருந்து முழு நேரம். பிறகு வீரர்கள் தேர்வுப் பிரிவின் துணை இயக்குநர்.

1969-இல்தான் சக் நோல் தலைமைப் பயிற்சியாளராக வந்தார். முதல் சீசனில் ஒரே வெற்றி, 13 தோல்வி. அந்த ஆண்டு பத்தாம் சுற்றில் ஆர்கன்சாவின் ஒரு கறுப்பினக் கல்லூரியிலிருந்து எல்.சி. கிரீன்வுட். 1970-இல் மூன்றாம் சுற்றில் சதர்ன் பல்கலையிலிருந்து மெல் பிளன்ட். 1971-இல் எட்டாம் சுற்றில் டெக்சஸ் சதர்னிலிருந்து எர்னி ஹோம்ஸ். எட்டாம் சுற்று, பத்தாம் சுற்று எல்லாம் யாரும் கவனிக்காத நேரம். அங்கிருந்துதான் எதிரணிகள் அஞ்சி நடுங்கிய தடுப்பு வரிசையில் பாதி வந்தது.

ஏப்ரல் 23, புதன்

இன்று ஸ்டால்வொர்த் கதை. பிட்ஸ்பர்க்கில் இதைத் தெரியாதவர் இல்லை. ஆளுக்கொரு மாதிரி சொல்வார்கள் என்பதையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறேன்.

ஜான் ஸ்டால்வொர்த், அலபாமா ஏ அண்ட் எம் என்ற கறுப்பினக் கல்லூரி. பந்தைப் பிடிப்பதில் கெட்டிக்காரர். பல அணிகளின் ஸ்கவுட்டுகள் சேர்ந்து அவரைப் பார்க்கப் போன அன்று தரை ஈரம். 40 கெஜம் ஓடவிட்டார்கள். ஸ்டாப்வாட்ச் காட்டிய நேரம் சுமார்தான். இந்த ஓட்டத்தில் பத்தில் ஒரு நொடி என்பது டிராஃப்டில் இரண்டு சுற்று வித்தியாசம். மற்றவர்கள் குறித்துக்கொண்டு அடுத்த ஊருக்குக் கிளம்ப, நன் மட்டும் உடம்பு சரியில்லை என்று சொல்லித் தங்கிவிட்டார். மறுநாள் காய்ந்த தரையில் தனியாக ஓடவிட்டுப் பார்த்தார். நேரம் நன்றாக இருந்தது. அந்தக் கல்லூரியின் ஆட்டப் படச்சுருளை வாங்கி வந்த ஸ்டீலர்ஸ், திருப்பிக் கொடுக்க அவசரப்படவில்லை என்றும் சொல்வார்கள்.

1974 டிராஃப்ட். நோலுக்கு ஸ்டால்வொர்த்தை முதல் சுற்றிலேயே எடுத்துவிட ஆசை. நன்னும் மற்றவர்களும் பொறுக்கச் சொன்னார்கள். முதல் சுற்றில் 21-வதாக லின் ஸ்வான். இரண்டாம் சுற்றில் ஜாக் லாம்பர்ட். மூன்றாம் சுற்றில் ஸ்டீலர்ஸுக்கு வாய்ப்பே இல்லை, ஏற்கெனவே வேறு அணிக்குக் கொடுத்தாயிற்று. நோல் எப்படி உட்கார்ந்திருந்தாரோ! நான்காம் சுற்றில் 82-வது இடம் வந்தபோதும் ஸ்டால்வொர்த் அப்படியே இருந்தார். ஐந்தாம் சுற்றில் மைக் வெப்ஸ்டர்.

நால்வரும் ஃபுட்பால் ஜாம்பவான்களுக்கான ஹால் ஆஃப் ஃபேமில். அதோடு முடியவில்லை. 17 சுற்று போயும் யாரும் சீண்டாத டானி ஷெல் என்ற சவுத் கரோலைனா ஸ்டேட் பையனையும் பிறகு சேர்த்துக்கொண்டார்கள். அவரும் 2020-ஆம் ஆண்டுக்கான ஹால் ஆஃப் ஃபேம் பட்டியலில் வந்துவிட்டார். 1974 தொடங்கி ஆறு சீசனில் நான்கு சூப்பர் பௌல், அதாவது லீக்கின் கோப்பை.

நன்னுக்கு ‘கண்’ இருந்தது என்று எல்லோரும் எழுதுகிறார்கள். எனக்கு அதில் முழுச் சம்மதம் இல்லை. கண் மற்ற ஸ்கவுட்டுகளுக்கும் இருந்தது. லாம்பர்ட்டையும் வெப்ஸ்டரையும் பிடித்ததில் வீரர்கள் தேர்வைக் கவனித்த டேன் ரூனியின் தம்பி ஆர்ட் ரூனி ஜூனியரின் மொத்தக் குழுவுக்கும் பங்கு உண்டு. நன்னிடம் கூடுதலாக இருந்தது இருபது வருடப் பழக்கம். முன்பின் தெரியாத ஸ்கவுட் ‘ஒருநாள் தங்கிக்கொள்கிறேன், பையனை இன்னொரு தடவை ஓடவிடுங்கள்’ என்றால் எந்தப் பயிற்சியாளர் உடனே சரி என்பார்?

ஏப்ரல் 24, வியாழன், நள்ளிரவு

ஸ்டீலர்ஸ் எடுத்தது டெரிக் ஹார்மன், ஒரிகன் பல்கலை, தடுப்பு வரிசை. அவரும் 21-வது! குவார்ட்டர்பேக் கேட்டவர்கள் எல்லாம் புலம்புகிறார்கள். எனக்கு திருப்திதான்.

எனக்கு உறுத்தியது டிராஃப்டில் இரண்டாவதாகப் போனவர்: டிராவிஸ் ஹன்டர். ஜாக்சன் ஸ்டேட் என்ற கறுப்பினக் கல்லூரியில் தொடங்கி, பயிற்சியாளர் டியான் சாண்டர்ஸ் கொலராடோ போனபோது கூடவே போனவர். இன்று கல்லூரி மாறுவது எளிது, பணமும் பெரிய கல்லூரிகளில்தான். நன்னின் காலத்தில் போக வேறு இடமே இல்லை. அலபாமா பல்கலையில் கறுப்பின வீரர் முதல் அணியில் இறங்கியதே 1971-இல்தான். அந்தக் கதவு திறந்தது நல்லதுதான், யார் மறுக்கப்போகிறார்கள்? ஆனால் திறந்த கையோடு கிராம்ப்ளிங் போன்ற இடங்களின் மைதானம் காலியாகத் தொடங்கியது.

ஏப்ரல் 26, சனி

கடைசி நாள். சுற்று நான்கிலிருந்து ஏழு வரை. டிவிக்காரர்களுக்கு டியான் சாண்டர்ஸின் மகன், குவார்ட்டர்பேக் ஷெடூர் சாண்டர்ஸ் ஏன் இன்னும் போகவில்லை என்பது தவிர வேறு எதுவும் கண்ணில் படவில்லை. ஐந்தாம் சுற்றில் 144-வதாக கிளீவ்லாந்து பிரவுன்ஸ் அணி அவரை எடுத்தது. அதற்கு மூன்று இடம் முன்னால் கார்சன் வின்சன் என்ற பெயர் வந்து போனது. இந்த ஆண்டு கறுப்பினக் கல்லூரியிலிருந்து டிராஃப்டில் போன ஒரே ஆள். போன ஆண்டு ஒருவர்கூட இல்லை. கல்லூரி? அலபாமா ஏ அண்ட் எம். எடுத்த அணி? பால்டிமோர் ரேவன்ஸ், நம் ஜென்ம விரோதி. எரிச்சலாக இருக்காதா!

நன் 1987-இல் ஓய்வு பெற்றார் என்று கணக்கு, ஆனால் அலுவலகம் வருவதை நிறுத்தவில்லை. 2014 டிராஃப்டுக்குத் தயாராகிக்கொண்டிருந்தபோது பக்கவாதம் வந்தது. மே 6-இல் இறந்தார், வயது 89. டிராஃப்ட் மே 8-இல். 2021-இல் அவரும் ஹால் ஆஃப் ஃபேமில். ஆட்டக்காரராகவோ பயிற்சியாளராகவோ இல்லாமல், பங்களிப்பாளர் பிரிவில் இடம் பெற்ற முதல் கறுப்பினத்தவர்.

இந்நேரம் எல்லா அணியும் டிராஃப்டில் விடுபட்ட பையன்களுக்குப் போன் போட்டுக்கொண்டிருக்கும். ஷெல் வந்தது அந்த வழியாகத்தான். ஸ்டீலர்ஸ் பட்டியல் வெளிவந்ததும் முதலில் கல்லூரிப் பெயர்களைத்தான் பார்க்கப்போகிறேன்.