நடிகை நிர்வாகியானபோது

புரூஸ் லீ என்றதும் எல்லோருக்கும் அந்த உதைதான் ஞாபகம் வரும். புரொடக்‌ஷன் மேனேஜராகப் பல அவுட்டோர்களில் அல்லாடியவன் என்பதால் எனக்கு ஞாபகம் வருபவர் லியு லியாங்ஹுவா. ஹாங்காங்கின் மாண்டரின் (சீன மொழி) படங்களில் நடித்தவர், இயக்குநர் லோ வெய்யின் மனைவி. பிறகு தயாரிப்பு நிர்வாகத்துக்கு வந்தார்.

தயாரிப்பாளர் ரேமண்ட் சோ, ஹாங்காங்கின் பெரிய பட நிறுவனமான ஷா பிரதர்ஸிலிருந்து விலகி 1970-ல் கோல்டன் ஹார்வெஸ்ட்டைத் தொடங்கியிருந்த நேரம். புதுக் கம்பெனி, கையில் பெரிய நட்சத்திரம் கிடையாது. அமெரிக்காவில் இருந்த புரூஸ் லீயிடம் பேசிவர லியுவைத்தான் அனுப்பினார்கள். இரண்டு படங்களுக்குப் பதினைந்தாயிரம் அமெரிக்க டாலர் என்று 1971-ல் ஒப்பந்தமானது. ஷா தரப்பு சொன்ன தொகை இதைவிட ரொம்பக் குறைவு. ஆனால் பணம் மட்டுமே காரணம் என்று நான் நினைக்கவில்லை. ஒரு ஆர்ட்டிஸ்ட் வீட்டுக்கு நேரில் போய் உட்கார்ந்து பேசுவதற்கும், தபாலில் அக்ரிமென்ட் அனுப்புவதற்கும் உள்ள வித்தியாசம் கேமரா முன்னால் நின்றவருக்கு நன்றாகவே தெரியும்.

முதல் படம் ‘தி பிக் பாஸ்’. படப்பிடிப்பு நடந்த இடம் தாய்லாந்தில் பாக் சோங் என்ற சிற்றூர். அங்கிருந்து புரூஸ் லீ மனைவிக்கு எழுதிய கடிதங்களைப் படித்தால் எங்கள் தொழிலில் உள்ள யாருக்கும் வயிற்றைக் கலக்கும். சாப்பாடு சரியில்லை, மாட்டிறைச்சி கிடையாது, கோழியும் பன்றியும் அரிது, போதாக்குறைக்குக் கொசுவும் கரப்பானும். ஹீரோ எடை குறைகிறார், கண்ணாடி டம்ளர் உடைந்து கையில் தையல் வேறு. அப்புறம் கணுக்காலும் சுளுக்கிக்கொள்கிறது. ஹீரோ நொண்டினால் என்ன செய்வது? குளோசப்பாக எடுத்துத் தள்ளவேண்டியதுதான். என் அனுபவத்தில் ஷெட்யூலைக் கவிழ்ப்பது மழையைவிட மெஸ் சாப்பாடுதான். இரண்டு நாள் குழம்பு ஊசிப்போனால் லைட்மேன் முதல் ஹீரோ வரை முகம் மாறிவிடும்.

இதற்கிடையே முதலில் இருந்த இயக்குநரை மாற்றினார்கள். வந்தவர் லோ வெய்! நிர்வாகியான லியுவின் கணவரே இயக்குநர் என்றால் யூனிட்டில் என்னென்ன பேசியிருப்பார்கள் என்று எனக்குச் சிரிப்பு வருகிறது. பேட்டா பத்தவில்லை என்று இயக்குநரிடம் புகார் சொன்னால், அது அன்று இரவே மேனேஜர் காதுக்குப் போய்விடும் அல்லவா! லியுவின் நிலைமையும் லேசானதாக இருந்திருக்காது. புரூஸ் லீக்கும் லோ வெய்க்கும் ஒத்துப்போகவில்லை. ஒருவர் அவரே பேசி அழைத்து வந்த நடிகர், இன்னொருவர் வீட்டுக்காரர்.

அந்த அக்டோபர் கடைசியில் படம் வெளியாகி, ஹாங்காங்கில் அதுவரை இருந்த வசூல் சாதனையை முறியடித்தது. முப்பது லட்சம் ஹாங்காங் டாலருக்கு மேல். இரண்டாவது படத்தையும் லோ வெய்தான் இயக்கினார். ஒப்பந்தம் அதோடு சரி. மூன்றாவது படத்துக்கு, ரேமண்ட் சோவுடன் சேர்ந்து சொந்தக் கம்பெனி தொடங்கிய புரூஸ் லீ, 1972-ல் தானே இயக்குநராக யூனிட்டோடு ரோமுக்குக் கிளம்பினார்.