பல்லைக் காட்டச் சொன்னோம்

தொலைக்காட்சிக்கு எழுதுகிறேன் என்றால் தர்மபுரியில் எல்லோரும் கேட்பது ஒன்றுதான்: "எந்த சீரியல்?" நான் எழுதியது வாரம் ஒருமுறை வந்த அரைமணி நேர நிகழ்ச்சிக்கு. தண்ணீர், கூலி, விளைச்சல், விலை. சீரியல் என்றால் அம்மாவாவது பெருமைப்பட்டிருப்பார்.

அது கேசட் காலம். எடுத்த கேசட்டையும் எழுதிய தாளையும் ஒரே உறையில் போட்டு, இரவு பஸ் கண்டக்டரிடம் கொடுத்தனுப்புவோம். சென்னையில் ஆள் வாங்கிக்கொண்டார் என்று தெரியும்வரை தூக்கம் வராது.

பென்னாகரம் பக்கம் ஒரு கிராமத்துக்கு புளோரைடு பற்றி எடுக்கப் போனோம். இங்குள்ள பாறையிலிருந்து அது நிலத்தடி நீரில் கரைகிறது. லிட்டருக்கு 1.5 மில்லிகிராமைத் தாண்டிய நீரையே குடித்து வளரும் பிள்ளைகளுக்குப் பல் பழுப்பேறும். இன்னும் அதிகமானால், ஆண்டுகள் போகப்போக மூட்டு மடங்காது. ஆனால் தம்ளரில் பிடித்தால் பளிங்கு மாதிரி இருக்கிறது. நிறமில்லை, வாசனையில்லை. "இதில் என்ன சார் எடுப்பது?" என்றார் கேமராக்காரர். பிள்ளைகளை வரிசையாக நிறுத்திப் பல்லைக் காட்டச் சொன்னோம். ஒரு பெண் மட்டும் தாவணியால் வாயை மூடிக்கொண்டாள். 'கறை படிந்த புன்னகை' என்று எழுதினேன். அப்போது அது நல்ல வரியாகத் தெரிந்தது.

ஒளிபரப்பான பிறகு அங்கே போனபோது ஒரு பாட்டி பிடித்துக்கொண்டார். "பல்லைக் காட்டினாய், சரி. தண்ணீர் எப்போது வரும் என்று ஒருத்தரையும் கேட்கவில்லையே, கண்ணு?"

கேட்கவில்லைதான். இந்த ஊர்களுக்குக் காவிரி நீரைக் கொண்டுவரும் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம், 2008இல் கர்நாடகத்தில் எதிர்ப்பு கிளம்பியபோது எல்லாச் சேனல்களிலும் ஓடியது. 2013இல் திறந்தபோதும் ஓடியது. நடுவில் குழாய் பதித்த ஆண்டுகளில் நான் அதைப் பற்றி ஒரு பக்கமும் எழுதவில்லை. பள்ளத்தை எவ்வளவு நேரம் காட்டுவது?

கிருஷ்ணகிரி மாம்பழமும் அப்படித்தான். பெங்களூரா ரகம் விலை சரிந்தால் சாலையில் கொட்டுவார்கள், அருமையான படம். போன பருவத்து மாங்கூழ் விற்காமல் தேங்கினால் ஆலைகள் இந்தப் பருவத்தில் கொள்முதலைக் குறைக்கும், பழுத்த காயோ இரண்டு நாள்கூடப் பொறுக்காது என்று இரண்டு வரி எழுதினேன். ஆலைக்குள் கேமரா போக முடியவில்லை. படமில்லாத வரி என்று எடிட்டிங்கில் இரண்டும் போயின. நானும் சண்டை போடவில்லை. மறுநாள் அடுத்த வாரத்துக்கு எழுத வேண்டியிருந்தது.

பென்னாகரம் கிராமத்துக்குக் கடைசியாகப் போனபோது தெருக்குழாயில் ஒகேனக்கல் தண்ணீர் வந்துகொண்டிருந்தது. வராத நாளில் என்ன செய்கிறீர்கள் என்று இந்தமுறை கேட்டேன். பழைய போர்வெல்லைக் கை காட்டினார்கள். குறித்துக்கொண்டேன். நிகழ்ச்சி அதற்குள் நின்றுபோயிருந்தது.