பிக்சர் லாக் (இனிக் காட்சிகளை மாற்றுவதில்லை என்று முடிக்கும் கட்டம்)

ஜூன் 3
ஆலைக்குப் பக்கத்துக் கிணற்றுத் தண்ணீர் பற்றிய என் ஆவணப்படத்துக்குப் பணம் கேட்டிருந்தேன். நிதிக் குழுவிடமிருந்து இன்றும் பதில் இல்லை.

ஜூன் 4
படத்தில் வரும் அக்காவின் மகன் போன் செய்தான். அம்மாவின் முகம் படத்தில் வேண்டாமாம், குரல் இருக்கட்டுமாம். அவ்வளவுதான், வைத்துவிட்டான். படத்தில் காட்ட ஒப்புதல் தரும் ரிலீஸ் ஃபார்மில் அக்காவின் கையெழுத்து இருக்கிறது, தாராளமாகப் போடலாம் என்கிறார் வக்கீல். ஆனால் அது அக்காவின் மருமகனுக்கு அதே ஆலையில் வேலை கிடைப்பதற்கு முன்பு போட்ட கையெழுத்து.

குரலை வைத்துக்கொண்டு என்ன செய்ய? அந்த ஷாட்டில் அவர் பேசவே இல்லையே. கிணற்றுத் தண்ணீரைக் கண்ணாடி டம்ளரில் மொண்டு வெளிச்சத்துக்கு நேரே பிடிக்கிறார். மஞ்சள் வண்டல் மெல்ல அடியில் இறங்குகிறது. அவர் கண் அதோடு கூடவே இறங்குகிறது. 40 விநாடி. படமே அதுதான்.

ஜூன் 6
மூன்று ஹார்ட் டிஸ்க்கும் சரியாக ஓடுகின்றன. ஒன்று வேறு வீட்டில்தான் இருக்கிறது. இருந்தும் ராத்திரி எழுந்து பார்த்தேன்.

ஜூன் 7
முகத்தை மங்கலாக்கிப் பார்த்தோம். குற்றவாளியைக் கூட்டி வந்து நிறுத்தியது மாதிரி இருக்கிறது. 2020இல் வந்த 'வெல்கம் டு செச்னியா' ஆவணப்படத்தில் தலைமறைவாக இருப்பவர்களின் முகத்துக்கு மேல் தன்னார்வலர்களின் முகத்தை டிஜிட்டலாகப் பொருத்தினார்கள். நம் பட்ஜெட்டுக்கு அந்தப் பேச்சே வேண்டாம்.

ஜூன் 11
படத்தின் மேல் யாராவது வழக்குப் போட்டால் கைகொடுக்கும் பிழை, விடுபடல் காப்பீடு இல்லாமல் எந்தச் சேனலும் படத்தைத் தொடாது. காப்பீட்டுக்காரர்களின் கேள்வித்தாள் வந்திருக்கிறது: தண்ணீர் மாதிரியை யார் எடுத்தார்கள், பாட்டிலுக்கு யார் சீல் வைத்தார்கள், பரிசோதனைக் கூடம் வரை யார் கையில் இருந்தது. நியாயமான கேள்விகள்தான். பிடித்தும் இருக்கிறது.

வக்கீலின் கவலை வேறு. ஈக்வடார் எண்ணெய் மாசு பற்றி ஜோ பெர்லிஞ்சர் எடுத்த 'குரூட்' படத்தின் வெளிவராத 600 மணி நேர ஃபுட்டேஜைக் கேட்டு 2010இல் எண்ணெய் நிறுவனமான செவ்ரான் கோர்ட்டுக்குப் போனது. பெரும்பகுதியைக் கொடுக்க வேண்டியதாயிற்று. செவ்ரான்மீது வழக்குப் போட்டவர்களின் வக்கீல் சொல்லி ஒரு காட்சியை மாற்றியதும் அங்கே பேசப்பட்டது. பெர்லிஞ்சர் சுதந்திரமாகச் செயல்பட்டதாக மேல்முறையீட்டு நீதிமன்றம் ஏற்கவில்லை. ஆகவே, "யார் கேட்டும் எடிட்டை மாற்றாதீர்கள்" என்கிறார் நம் வக்கீல்.

யார் கேட்டுமா? பயந்து கேட்பவரும் வழக்குப் போட்டவரும் ஒன்றா? இதைச் சொல்லிப் போனிலேயே கத்திவிட்டேன்.

ஜூன் 12
நிதிக் குழுவின் பதில் வந்தது. "மிகவும் நெகிழ்ந்தோம், இந்தச் சுற்றில் இயலவில்லை." நெகிழ்ச்சியை வைத்து ஒலிக்கலவைக்குப் பணம் கட்ட முடியுமா?

ஜூன் 14
4கே என்ற உயர் துல்லியத்தில் எடுத்திருந்ததால் கையையும் டம்ளரையும் மட்டும் பெரிதாக்க முடிந்தது. எடிட்டர் நான்கைந்து முறை ஓட்டிப் பார்த்துவிட்டு, "அக்கா பார்க்கலன்னா இது வெறும் தண்ணி சார்" என்றான். பதில் சொல்லத் தோன்றவில்லை.

ஜூன் 16
அக்காவே பேசினார். "மருமகனுக்கு வேலை நிரந்தரமாகட்டும் தம்பி, அப்புறம் போட்டுக்கோ." எப்போது என்று கேட்டேன். சிரித்தார்.

ஜூன் 17
டிஸ்க் சரி.

ஜூன் 19
திரைப்பட விழாவுக்கு நாளை மதியம் கடைசி. எடிட்டர் இரண்டு வடிவமும் எக்ஸ்போர்ட் போட்டிருக்கிறான், ஒன்றில் முகம், ஒன்றில் கை. வக்கீலிடம் சொல்லவில்லை. கையுள்ளதை அனுப்பச் சொல்லிவிட்டேன். 62 சதவீதம் ஏறியிருக்கிறது. மகன் மறுபடி கூப்பிடுகிறான்